பூனையிடம் பேசும் மாமி

என் மனைவியின் தங்கை றிபா தொலைக்காட்சிக்குப் பகிடி நாடகம் எழுதப் போகிறாள் என்றபோது கல்முனைக்குடியில் ஒருவரும் நம்பவில்லை. நானும்தான். கொழும்புச் செனலுக்கு அவள் அனுப்பிய முதல் இரண்டும் திரும்பி வந்தன. இரண்டிலும் மாமியார் மருமகளைப் படுத்தும் பாடு. எங்கள் ஊரில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குப் போய்க் குந்துகிறான். கொடுமைப்படுத்த மருமகள் எங்கே கையில் கிடைப்பாள்? கண்ணால் காணாததை எழுதினால் யாருக்குச் சிரிப்பு வரும்?

"இன்னும் ஒன்று பார்ப்போம், சரிவராவிட்டால் வேறு ஆள்" என்றார் தயாரிப்பாளர். மூன்றாவதில் அவள் என்னை எழுதினாள்.

நான் ஆறு வருடமாக அந்த வீட்டு மாப்பிள்ளை. மாமி நாச்சியா மருமகனின் முகத்துக்கு நேரே கதைக்க மாட்டார், அது மரியாதையாம். கதவுத் திரைக்குப் பின்னால் நின்று பூனையிடம் சொல்வார்:

"பாரை மீன் இன்னும் ஒரு துண்டு கிடக்கு. வேணுமெண்டா கேட்டுத் தின்னச் சொல்லு."

பூனை என்னைப் பார்க்கும். "போதுமாம் எண்டு சொல்லு" என்பேன் நான். றிபா இதை அப்படியே எழுதிவிட்டாள்.

வெள்ளிக்கிழமை பின்னேரம் ஒளிபரப்பானது. ஊரே விழுந்து விழுந்து சிரித்தது. மீன் வாங்கப் போன இடத்தில் என்னைக் கண்டு மியாவ் என்றார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. செனல்காரர் அடுத்த நாடகத்தை உடனே கேட்டார்கள். மாமியோ றிபாவின் லெப்டொப்பை அலுமாரிக்குள் வைத்துப் பூட்டினார்.

"உம்மாவ ஊர் சிரிக்க வெச்சா பேரெடுக்கணும்? இண்டையோட நிப்பாட்டு!"

றிபா அறைக்குள் கிடந்து அழுதாள்.

"நீங்களாவது கதையுங்களன்" என்றாள் என் மனைவி ஸுலைஹா.

"ஆரோட? பூனையோடயா?" என்றேன்.

மறுநாள் பகல் சோற்றுக்குக் குந்தியபோது திரை விலகியது. மாமி நேரே வந்து என் முன்னால் நின்றார்.

"மகன், நீங்க சொல்லுங்க. நான் அப்பிடியா கதைக்கிற?"

இல்லை என்றால் றிபா பொய்க்காரி, அவளுடைய எழுத்து அதோடு சரி. ஓம் என்றால் இந்த வீட்டில் என் பாடு என்னவாகும் என்று அல்லாஹ்வுக்குத்தான் வெளிச்சம்.

"ஓம் மாமி. அப்பிடியேதான்."

மாமி கதவுத் திரையைத் திரும்பிப் பார்த்தார்.

"இவ்வளவு காலமும் உங்களுக்குப் பகிடியாவா இருந்திச்சி?"

"இல்ல மாமி" என்றேன். "இந்த வீட்டுல என்னோட ஒருத்தரும் கதைக்கிறல்லையே எண்டு கவலையா இருந்திச்சி."

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே தெரிந்தது. மாமி முந்தானையில் முடிந்திருந்த அலுமாரிச் சாவியை அவிழ்த்து என் சோற்றுக் கோப்பைக்குப் பக்கத்தில் வைத்தார்.

"றிபாட்டக் குடுங்க" என்றார். "இதையும் எழுதட்டும்."