வாருங்கள், சாப்பாடு ஆறுகிறது

1996ஆம் ஆண்டு, சாம்பல் புதனுக்கு முதல் நாள். நாளைக்குத் தவக்காலம் தொடங்கினால் ரொறன்ரோவின் அந்தத் தமிழ் மீன் கடையில் கால் வைக்க இடமிருக்காது. இன்றைக்கு ஈ ஓட்டிக்கொண்டிருந்தார்கள்.

பஸ்ரியன் ஐஸ் கொட்டிக்கொண்டிருந்தபோது ஒரு வெள்ளைக்காரக் கிழவி உள்ளே வந்தார். நல்ல உயரம். கொட் மீனைக் காட்டி, புதிதா என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

அந்த மீனைப் பற்றி யார் கேட்டாலும் பஸ்ரியனுக்கு வாயில் முதலில் வருவது நோர்வே மொழி. ஏழு வருஷம் அங்கே அதை வெட்டினவன்.

"உது பழசு. பூனைக்கும் குடுக்காதையுங்கோ," என்றான், அந்த மொழியிலேயே.

கிழவியின் கை கண்ணாடியில் அப்படியே நின்றது.

"இப்படிப் பேச எங்கே பழகினீர்கள்?"

அவரும் நோர்வே மொழிதான் பேசினார். ஆனால் இஸ்திரி போட்ட பேச்சு. வானொலியில் செய்தி வாசிப்பவர்கள் பேசுவது.

"பின்மார்க்கிலை. வடக்கிலை. மீன் பக்டரியிலை."

"அது என் ஊர்ப் பேச்சு. என் அம்மா இப்படித்தான் பேசுவார்."

கல்லாவிலிருந்து முதலாளி சுஹைர் எட்டிப் பார்த்தார். "பஸ்ரியன் அண்ணை, பழைய மீனெண்டு சொல்லிப்போட்டீங்களோ?"

"இல்லை. ஊர்க்கதை."

"உங்கட ஊர் யாழ்ப்பாணம், குருநகரெல்லோ?"

அதன்பிறகு அந்தக் கிழவி வெள்ளிக்கிழமைகளில் வந்தார். மீன் கொஞ்சம் வாங்குவார். கதைதான் கூட.

பெயர் ஹெர்டிஸ். நடிகை. உலகப் போரில் பின்மார்க்கை ஜெர்மன்காரர் எரித்தபோது பதினாறு வயது. சனத்தைப் படகில் ஏற்றித் தெற்கே அனுப்பினார்கள். அதைச் சொன்னபோது பஸ்ரியன் கத்தியைக் கீழே வைத்தான். போன வருஷக் கடைசியில், யாழ்ப்பாணத்தை ஆமி பிடித்தபோது, அவனுடைய ஆட்களும் அப்படித்தான் படகில் கிளாலிக் கடலைக் கடந்தார்கள்.

ஒஸ்லோவில் ஒரு நாடக அரங்கில் உடுப்புத் தைக்கப் போனவர், மேடை ஏறினார். "உன் வாயில் மீன் கிடக்கிறது, துப்பிவிட்டு வா," என்றாராம் பேச்சுப் பழக்கிய ஆசிரியர். ஊர்ப் பேச்சைத் துப்பினார். பெரிய வேஷங்கள் வந்தன. ராணியாக நடித்தார், பைத்தியக்காரியாக நடித்தார். ஒரு சினிமாவிலும் நடித்தார். அதில் அவர் பின்மார்க் மீனவனின் மனைவி. பிறகு கனடா எஞ்சினியர் ஒருவரைக் கட்டி ரொறன்ரோவுக்கு வந்தார். இங்கே தொலைக்காட்சியில் ரஷ்யக் கிழவி, ஜெர்மன் தாதி.

"வாய் திறக்காத வேஷங்கள்தான் நன்றாக வந்தன," என்றார்.

"அந்தப் படம்?"

"ஊரில் மண்டபத்தில் போட்டார்கள். அம்மா பார்த்தார். சாகும்வரை அதைப் பற்றி ஒரு சொல் சொல்லவில்லை." மீன் பொதியைப் பைக்குள் வைத்தார். "நான் ஊருக்குத் திரும்பிப் போகவேயில்லை. போயிருந்தால் என்ன சொன்னார்கள் என்று தெரிந்திருக்கும்."

பங்குனியில் ஒரு வீடியோ கசெற் கொண்டுவந்தார். அக்காவின் மகள் அனுப்பிய அந்தப் படம். அவருடைய மெஷினில் வெறும் கோடுதான் ஓடுகிறதாம்.

"உது ஐரோப்பாக் கசெற். இஞ்சை ஓடாது. மாத்தித் தாறன்."

தமிழ் வீடியோக் கடைகளுக்கு அது தினசரி வேலை. பாரிஸ் கலியாணம், ஒஸ்லோ சாமத்தியவீடு எல்லாம் மாறித்தான் இங்கே ஓடுகின்றன. கடைக்காரப் பெடியன் கசெற்றை வாங்கிப் பார்த்தான். "ஆரின்ர கலியாணம், அண்ணை? கறுப்பு வெள்ளையா இருக்கு."

வீட்டுக்கு வந்தபோது மனைவி மரியம்மா குசினிக்குள்ளிருந்து நோர்வே மொழியில் கூப்பிட்டாள்.

"வாருங்கள், சாப்பாடு ஆறுகிறது."

பக்டரியில் பழகினது. மத்தியானம் மணி அடித்ததும் மேற்பார்வைக்காரி குன்வோர் கையுறையைக் கழற்றுவாள். நாடியை உயர்த்தி, நீட்டி முழக்கி இதைச் சொல்லுவாள். வெட்டுமேசை முழுக்கச் சிரிக்கும். பசியில் சிரிக்கினம் என்று தமிழர் நினைத்தார்கள். மரியாதையான பேச்சு என்று பாடமாக்கினார்கள். நத்தார்ப் பண்டிகைக்கு வீட்டுக்கு வந்த நோர்வேக்காரச் சுவாமியிடமும் பஸ்ரியன் அதைச் சொன்னான். சுவாமி கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். அந்த வருஷம் மரியம்மா புதுப்பெண். அலுமாரிக் கதவு சரியாகப் பூட்டாது. ஜன்னலுக்கு வெளியே பனி, அதற்கப்பால் கறுப்புக் கடல். அந்த வீட்டை நினைத்தால் பஸ்ரியனுக்கு இப்போதும் அங்கே ஓடிப்போகலாம் போலிருக்கும். மரியம்மாவுக்கும் அப்படித்தான். அதனால்தான் இருவரும் அந்த வசனத்தை விடவில்லை.

ஞாயிறு பூசை முடிந்து பஸ்ரியன் கசெற்றைக் கொண்டுபோனான். ஹெர்டிஸ் உதட்டுச்சாயம் பூசியிருந்தார். கோப்பி ஊற்றி வைத்துவிட்டு, அதைக் குடிக்காமல் முன்னால் குனிந்து உட்கார்ந்தார்.

படகுத்துறை. காற்று. மீன் காயும் மரச்சட்டங்கள். பஸ்ரியனுக்கு நாற்றமே வந்தது. தலையில் துணி கட்டிய ஒரு பெண் துறையில் நிற்கிறாள். புயலில் போன படகு கரை சேருகிறது. அவள் அழவில்லை. நாடியை உயர்த்துகிறாள்.

"வாருங்கள், சாப்பாடு ஆறுகிறது."

பஸ்ரியனின் வாயும் கூடவே சொல்லிவிட்டது.

அவன் திரையைப் பார்த்தான். அந்த நாடி. அந்த நீட்டல். துறையில் நின்ற மற்றப் பெண்கள் எல்லாரும் ஊர்ப் பேச்சுப் பேச, இவர் ஒருவர்தான் வானொலிப் பேச்சு. குன்வோர் ஏன் அப்படிச் சொன்னாள், சுவாமி ஏன் அப்படிச் சிரித்தார் என்பது ஏழு வருஷமும் விளங்காமல் இருந்து இப்போது விளங்கியது: பசியில்லை, பகிடி.

ஹெர்டிஸ் படத்தை நிறுத்தினார்.

"இது உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"பக்டரியிலை சொல்லுவினம். சாப்பாட்டு நேரம்."

"யார்?"

"எல்லாரும். ஒவ்வொரு நாளும்."

"என் வசனத்தையா?"

"ஓம்."

அவர் திரையைப் பார்த்தார். அங்கே அந்தப் பெண் வாய் பாதி திறந்தபடி நின்றாள். ஹெர்டிஸின் கை தலைமயிரைத் தடவிக்கொண்டது.

"இவ்வளவு காலத்துக்குப் பிறகும்," என்றார்.

"வீட்டிலை மனுசியும் சொல்லுறவ," என்றான் பஸ்ரியன். "இப்பவும்."

அது அவருக்குக் கேட்டதோ தெரியவில்லை. அவன் பக்கம் முழுதாகத் திரும்பி உட்கார்ந்தார். முகம் சின்னப்பிள்ளையின் முகம்போல் ஆகியிருந்தது. பிறகு பேசினார். இஸ்திரி கலைந்திருந்தது, பின்மார்க் பேச்சை அவர் வாயிலிருந்து அவன் அன்றைக்குத்தான் முதலில் கேட்டான்.

"அவையள் எப்பிடிச் சொல்லுவினம்? ஒருக்கா, அவையள் மாதிரியே சொல்லிக் காட்டும்."