பதினோராவது ஒத்திவைப்பு

அந்த வருடம் கால்பந்து லீக் அலுவலகம் ஒத்திவைத்த ஆட்டங்கள் பதினொன்று. முதல் பத்துக்கும் அவள் முகம் சுளிக்காமல் கடிதம் அடித்து அனுப்பினாள். பதினோராவது, அவள் தம்பி ஆட வேண்டிய ஆட்டம்.

அலுவலகத்தில் அவளுக்கு 'கேலண்டர்' என்று பெயர். லீக்கில் பதினேழு அணிகள். எந்தச் சனிக்கிழமை எந்த மைதானத்தில் யாரோடு யார் மோதுவது என்று வருடம் தொடங்கும் முன்பே அட்டவணை போடுவது அவள் வேலை. எண்ணிக்கை ஒற்றைப்படை என்பதால் வாரத்துக்கு ஓர் அணி சும்மா இருக்கும். போலீஸ் அனுமதி, ஆம்புலன்ஸ், பக்கத்துப் பள்ளிக்கூடத்துப் பரீட்சை, புல் வெட்டும் நாள் என்று எல்லாவற்றையும் பார்த்து, மூன்று மாதம் மண்டையைப் பிய்த்துக்கொண்டு அவள் போடுகிற அட்டவணையைக் கலைக்க ஒரு கோப்பைப் போட்டி போதும்.

லீக் ஆட்டத்துக்குத் தேதி முன்கூட்டியே தெரியும். கோப்பை அப்படியில்லை. தோற்றவன் வீட்டுக்குப் போவான், ஜெயித்தவன் அடுத்த சுற்றுக்குப் போவான். யார் ஜெயிப்பார்கள் என்று எந்தக் கேலண்டருக்குத் தெரியும்? ஜெயித்த அணிக்கு அதே நாளில் லீக் ஆட்டம் இருந்துவிட்டால் விதிப்புத்தகம் ஒரே வரியில் தீர்ப்புச் சொல்லிவிடும்: கோப்பை முந்தும், லீக் பிந்தும். எதிரணி என்ன பாவம் செய்தது என்று அந்த வரி கேட்பதில்லை. அவளும் அதுவரை கேட்டதில்லை.

தம்பிக்கு முப்பத்துநாலு வயது. சின்ன அணி ஒன்றில் ஏழு வருடமாக இரண்டாவது கோல்கீப்பர். முதல் கோல்கீப்பரை ரசிகர்கள் 'சுவர்' என்றார்கள். சுவருக்குக் காய்ச்சல் வராது, கால் பிசகாது, கல்யாணம் காட்சி என்று லீவும் வராது. ஏழு வருடத்தில் தம்பி லீக்கில் முழுசாக ஆடியது நாலே ஆட்டம். கடைசியாக ஆடி மூன்று வருடமாகிறது. கூட ஆடுகிறவர்கள் அவனை 'ஸ்டெப்னி' என்று கூப்பிட்டார்கள். அவனும் சேர்ந்து சிரிப்பான். "டிக்கியில கிடக்கிறவன்தான நான். பஞ்சர் ஆனாதான் என் நெனப்பு வரும்."

ஒரு ஞாயிற்றுக்கிழமை பயிற்சியில் பஞ்சர் ஆனது. பந்தைப் பிடிக்கப்போன சுவரின் மோதிர விரல் முறிந்தது. இரண்டு வாரம் கையுறை போடக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அந்த இரண்டு வாரத்தில் இரண்டு சனிக்கிழமைகள். இரண்டாவது சனிக்கிழமை சின்ன அணிக்கு ஓய்வு முறை. ஆக, ஒரே ஓர் ஆட்டம். அதுவும் பெரிய கிளப்போடு, அவர்களுடைய மைதானத்தில், டிவியில்.

கோச் தம்பியைத் தனியாகக் கூப்பிட்டார். "உன் கான்ட்ராக்ட் இந்த சீசனோட முடியுது. மேலிடத்துல உன்னை வச்சுக்கலாமா வேணாமான்னு கேட்டுட்டே இருக்காங்க. சனிக்கிழமை நல்லா நில்லு. மிச்சத்தை நான் பேசிக்கிறேன்."

அன்று சாயந்திரம் அவன் அக்காவுக்குப் போன் செய்தான். பேசவே முடியவில்லை. சும்மா சிரித்துக்கொண்டே இருந்தான். அவன் மனைவி ஆஸ்பத்திரியில் நர்ஸ். சனிக்கிழமை டியூட்டியை மாற்றிக்கொள்ள, வேறொருத்திக்காக இரண்டு ஞாயிற்றுக்கிழமை வேலை பார்ப்பதாக ஒப்புக்கொண்டாள். அம்மா மைதானத்துக்கே வருவேன் என்று நின்றாள். "முட்டி வலியோட படி ஏறுவியாம்மா?" என்று கேட்டதற்கு, "முட்டி எப்பவும்தான் வலிக்குது. இவன் எப்பவும் ஆடுறானா?" என்றாள்.

ஒரு சிக்கல் மட்டும் பாக்கி இருந்தது. பெரிய கிளப்புக்குக் கோப்பையில் கால் இறுதி இருந்தது. போன மாதமே நடந்திருக்க வேண்டியது, மழையால் தள்ளிப்போய் இந்தப் புதன்கிழமையில் வந்து நின்றது. அதில் ஜெயித்தால், மூன்றாம் நாளே, சனிக்கிழமை, அரை இறுதி. புதன்கிழமை எதிரி, இரண்டாம் பிரிவிலிருந்து முட்டி மோதி வந்த துறைமுகத் தொழிலாளர் அணி. பெரிய கிளப் தோற்க வேண்டும் என்று அவள் குடும்பம் முழுக்க வேண்டிக்கொண்டது.

புதன்கிழமை எல்லாரும் அம்மா வீட்டு டிவி முன்னால் உட்கார்ந்தார்கள். துறைமுகத்துக்காரர்கள் முதல் பாதியிலேயே ஒரு கோல் போட்டார்கள். தம்பி எழுந்து நின்றான். அதன்பின் உட்காரவேயில்லை. எண்பது நிமிடம் ஆயிற்று, எண்பத்தைந்து ஆயிற்று. அம்மா கண்ணை மூடிக்கொண்டாள். தொண்ணூறுக்கு மேல் நடுவர் சேர்த்த நேரத்தின் நாலாவது நிமிடத்தில் ஒரு கார்னர், ஒரு தலை, சமன். பிறகு பெனால்டி. "அடிக்கிறவன் கண்ணைப் பாக்காதடா, காலைப் பாரு, காலைப் பாரு!" என்று தம்பி டிவிக்குள் இருந்த துறைமுகக் கோல்கீப்பரிடம் கத்தினான். அந்தக் கோல்கீப்பர் ஐந்து தடவை தப்பான பக்கம் பாய்ந்தான்.

டிவியை அணைத்தது யார் என்று ஞாபகமில்லை. எல்லாரும் அவளைப் பார்த்தார்கள்.

"அக்கா," என்றான் தம்பி. "தள்ளி வைக்கிறதுன்னா எவ்வளவு தள்ளி?"

"அடுத்த புதன்கிழமையே வைக்கலாம்டா. நான் பாத்துக்கிறேன்."

பாத்துக்கிறேன் என்று சொல்லியிருக்கக் கூடாது என்று பின்னால் பலமுறை நினைத்துக்கொண்டாள்.

மறுநாள் காலை எட்டு மணிக்கே அலுவலகம் போய்விட்டாள். அடுத்த புதன்கிழமை பெரிய கிளப்பின் மைதானம் காலி. போலீஸில் சரி என்றார்கள். ஆம்புலன்ஸ், நடுவர், டிவிக்காரர்கள் எல்லாரும் சரி. இரண்டு ஆட்டத்துக்கு நடுவே எழுபத்திரண்டு மணி நேர இடைவெளி வேண்டும் என்பது விதி. முன்னால் சனிக்கிழமை, பின்னால் சனிக்கிழமை, இரண்டு பக்கமும் பொருந்தியது. தம்பி ஆடாத ஆட்டமாக இருந்தாலும் அவள் இதைத்தான் செய்திருப்பாள். முந்தைய பத்தில் ஏழு ஆட்டங்களை அப்படித்தான் அதே வாரத்துக்குள் வைத்திருந்தாள்.

செயலாளர் பதினொரு மணிக்கு வந்தார். நல்ல மனிதர் என்று பெயரெடுத்தவர். யாரையும் திட்டமாட்டார், யாருக்கும் எதையும் செய்யவும் மாட்டார். அவள் நீட்டிய தாளை வாங்கிப் பார்த்துவிட்டு மேசையில் கவிழ்த்து வைத்தார்.

"புதன் வேண்டாம்மா. பெரிய கிளப் மேனேஜர் நேத்தே போன் பண்ணிட்டார். பசங்க களைச்சுப் போயிருக்காங்களாம். சனிக்கிழமை ஜெயிச்சா ஃபைனல் வேற இருக்கு. அடுத்த மாசம் பதினேழாம் தேதி வச்சிருங்க."

"அது செவ்வாக்கிழமை மத்தியானம் சார். யாரு வருவா? புதன்கிழமைக்கு எல்லாம் பேசி முடிச்சிட்டேன். விதிப்படி இடைவெளியும் இருக்கு."

"விதி இருக்கட்டும். பெரிய இடத்துல கேக்குறாங்க."

"சின்ன இடத்துல யாராவது கேட்டீங்களா சார்?"

இத்தனை வருடத்தில் அவள் அவரிடம் குரல் உயர்த்தியதில்லை. அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். ஆட்டக்காரர் பட்டியலை இழுத்து வைத்து, விரலால் தடவிக்கொண்டே வந்து, ஓரிடத்தில் நிறுத்தினார்.

"இவரு உங்க தம்பிதான?"

அவள் தலையசைத்தாள்.

"சுவருக்கு விரல் ஒடஞ்சிருக்கு. புதன்கிழமைன்னா இவரு ஆடுவாரு. அடுத்த மாசம்னா ஆடமாட்டாரு. இதுக்குத்தான் இவ்வளவு அவசரமா?" அவர் குரலில் கோபமே இல்லை, கனிவாகத்தான் கேட்டார். "நான் வெளிய சொல்லமாட்டேன். ஆனா வேற யாராவது கவனிச்சா என்ன ஆகும்? அட்டவணைய வீட்டுக்காரங்களுக்காகத் திருப்புறாங்கன்னு பேப்பர்ல வந்தா? உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன்."

பெரிய கிளப் ஒரு போனில் தேதியை மாற்றினால் அது நிர்வாகம். அவள் விதியைக் காட்டிக் கேட்டால் அது பாரபட்சம். தன் இடத்துக்குத் திரும்பினாள். 'தவிர்க்க இயலாத காரணங்களால்' என்று தொடங்கும் கடிதம் கணினியில் தயாராகவே இருந்தது, தேதியையும் அணிகளின் பெயரையும் மாற்றினால் போதும். மாற்றினாள். கீழே வழக்கம்போல அவள் கையெழுத்து.

சாயந்திரம் பயிற்சி முடிகிற நேரத்துக்கு மைதானத்துக்குப் போனாள். உடை மாற்றும் அறைக்கு வெளியே பெஞ்சில் தம்பி உட்கார்ந்திருந்தான். புதுக் கையுறையை விரல் விரலாக உருவிக்கொண்டிருந்தான். கடிதத்தின் நகலைக் கதவில் ஒட்டியிருந்தார்கள்.

"அடுத்த மாசம் பதினேழு," என்றான் அவன். "அதுக்குள்ள சுவர் ரெண்டு தடவ விரல ஒடச்சு ரெண்டு தடவ ஒட்ட வச்சிருவாரு."

"நான் சொல்லிப் பாத்தேன்டா. எல்லாம் பேசி வச்சிருந்தேன். அந்த ஆளு..."

"கையெழுத்து யாரோடது?"

அவள் கதவில் இருந்த நகலைப் பார்த்தாள்.

"போடமாட்டேன்னு சொல்லியிருக்கலாம்ல? வேற யாராவது போட்டிருப்பாங்க. தேதி மாறியிருக்காதுதான். ஆனா உன் பேரு இருந்திருக்காது."

அவள் பேச வாயெடுப்பதற்குள் எழுந்து போய்விட்டான். வீட்டில் அவன் மனைவி அதைவிடக் குறைவாகப் பேசினாள். "கைக்கு எட்டினது வாய்க்கு எட்டலன்னு கேள்விப்பட்டிருக்கேன் அண்ணி. எங்க வீட்டுல அதைத் தட்டிவிட்ட கையும் எங்க வீட்டுக் கைதான்." சொல்லிவிட்டு, ஒப்புக்கொண்ட இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளையும் வேலைக்குப் போய்க் கழித்தாள்.

அந்தச் சனிக்கிழமை அரை இறுதியில் பெரிய கிளப் மூன்றுக்குப் பூஜ்யம் என்று தோற்றது. இனி அவர்களுக்கு ஃபைனல் இல்லை, களைப்பு என்று சொல்லக் காரணமும் இல்லை. திங்கட்கிழமை அவள் செயலாளரிடம் மறுபடி போனாள். கடிதம் போன பிறகு மாற்றினால் நன்றாக இருக்காது என்றார்.

புதன்கிழமை, ஆட்டம் நடந்திருக்க வேண்டிய அதே சாயந்திரம், பெரிய கிளப் வெளியூர் போய் ஒரு காட்சிப் போட்டி ஆடியது. வியாழக்கிழமை பேப்பரில் அரைப் பக்கத்துக்குப் படம். களைத்துப்போன பதினொரு பேரும் தோளில் கை போட்டுச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அவள் பேப்பரைக் கொண்டுபோய்ச் செயலாளரின் மேசையில் விரித்தாள்.

"களைச்சுப் போயிருந்தாங்கன்னீங்க சார்."

அவர் படத்தைப் பொறுமையாகப் பார்த்தார். "இது ஃப்ரெண்ட்லி மேட்ச்மா. நம்ம கணக்குல வராது."

அடுத்த மாதம் பதினேழாம் தேதி மத்தியானம் ஆட்டம் நடந்தது. லீக் சார்பில் பார்வையாளராக அவளையே அனுப்பினார்கள். இருபதாயிரம் பேர் உட்காரும் மைதானத்தில் இருநூறு பேர்கூட இல்லை. பெரிய கிளப்புக்கு இனி எதிலும் ஜெயிக்க வழியில்லை என்பதால் இரண்டாம் வரிசை ஆட்களை இறக்கினார்கள். சுவர் விரலில் பிளாஸ்திரியோடு கோலில் நின்றார். தொண்ணூறு நிமிடத்தில் அவரிடம் பந்து வந்தது மூன்று தடவை. மூன்றும் சொந்த அணிக்காரர்கள் பின்னால் தள்ளிவிட்டவை. யாரும் கோல் போடவில்லை. அன்று கோல் கம்பத்துக்கு நடுவே ஒரு நாற்காலியைப் போட்டிருந்தாலும் அதே முடிவுதான் வந்திருக்கும். தம்பி முழு நேரமும் மாற்று ஆட்டக்காரர் வரிசையின் கடைசியில் உட்கார்ந்திருந்தான். அவள் இருந்த பக்கம் ஒருமுறைகூடத் திரும்பவில்லை.

சீசன் முடிந்ததும் கிளப்பிலிருந்து அவனுக்குக் கடிதம் வந்தது. இந்த வருடம் ஓர் ஆட்டமும் ஆடாத நிலையில் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்க இயலவில்லை என்று நாலே வரி. கோச் வருத்தப்பட்டார். "பேசுறதுக்கு என் கையில எதுவும் இல்லடா. ஒரே ஒரு ஆட்டம் காட்டியிருந்தா சண்டை போட்டிருப்பேன்."

அவன் பார்சல் கிடங்கு ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தான். அம்மாவைப் பார்க்க வாரம் தவறாமல் வந்தான், ஆனால் அக்கா அலுவலகத்தில் இருக்கும் நேரமாகப் பார்த்து வந்தான். அம்மா இருவருக்கும் நடுவில் ஒன்றும் சொல்லவில்லை. "வந்தான், சாப்பிட்டான், போனான்," என்று மட்டும் சொல்வாள்.

அவள் விதிப்புத்தகத்துக்கு ஒரு திருத்தம் எழுதினாள். தள்ளிவைக்கும் ஆட்டத்துக்கு, எதிரணியையும் கேட்டே தேதி வைக்க வேண்டும். பத்து நாளுக்குள் இடம் இருந்தால் அதற்குள் ஆட வேண்டும். கமிட்டியில் செயலாளரே அதை வாசித்தார். நல்ல யோசனை என்றார்கள். பெரிய கிளப்பின் பிரதிநிதி, தங்களுக்குச் சிரமம் என்றார். அத்தோடு தாளை மடித்து வைத்தார்கள்.

நாலு மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் அவளே தம்பி வீட்டுக்குப் போனாள். கதவைத் திறந்தவன் ஒரு நொடி நின்று, வழிவிட்டான். மனைவி டீ கொண்டுவந்து வைத்துவிட்டு உள்ளே போனாள். கிடங்கில் பார்சல் தூக்கித் தூக்கி அவன் முதுகு லேசாகக் கூன் விழுந்திருந்தது.

"திட்டணும்னா திட்டிரு," என்றாள் அவள். "இப்படி ஒளிஞ்சு ஒளிஞ்சு வந்துட்டுப் போகாத."

அவன் டீயை அவள் பக்கம் நகர்த்தினான்.

"திட்ட என்ன இருக்கு? நீ தப்பு பண்ணல. எனக்கு அது அன்னைக்கே தெரியும். அந்தாளு போட வச்சாரு, நீ போட்ட. நானா இருந்தாலும் போட்டிருப்பேன்." நிறுத்தி மூச்சு விட்டான். "பெரிய கிளப்பு மேல கோவப்பட்டா அவங்களுக்குத் தெரியவா போகுது? அந்த செயலாளர் மூஞ்சிய நான் பாத்ததுகூட இல்ல. கோவம் எங்கயாவது போய் நிக்கணும்ல அக்கா? உன்கிட்ட வந்து நின்னுருச்சு. போன்னா போகமாட்டேங்குது."

"எப்ப போகும்?"

"தெரியல."

ஜன்னலுக்கு வெளியே யாரோ வண்டியைக் கிளப்ப முடியாமல் உதைத்துக்கொண்டிருந்தார்கள்.

"டீ ஆறுது," என்றான் அவன். "குடிச்சிட்டுப் போ."

அவள் குடித்தாள். சர்க்கரை போட மறந்திருந்தார்கள். கேட்கவில்லை.