எபின் அணைக்காத கேமரா

பாறசாலைக்காரன் எபின் மூன்று வருடமாக ஒரே ஆவணப்படத்தை எடுத்துக்கொண்டிருந்தான். அப்பா பொன்னுதாஸ் அம்மாவை அடித்த வருடங்களைப் பற்றிய படம். அதில் இசை கிடையாது, பின்னணிக் குரல் கிடையாது. கேமராவுக்குப் பின்னால் நின்று அவனே கேள்வி கேட்பான். என்ன நடந்தாலும் கேமராவை அணைப்பதில்லை என்று ஒரு விதி வைத்திருந்தான்.

பொன்னுதாஸ் சட்டை மாற்றி, தலை சீவி வந்து உட்கார்ந்தார். “அடிச்சிருக்கேன். இல்லேண்ணு சொல்லல்ல. அந்தக் காலத்துல எல்லாரும் அப்படியாக்கும்.”

அம்மா புஷ்பபாயிடம், காரக்கோணம் ஆஸ்பத்திரியில் கைக்குப் பிளாஸ்டர் போட்ட நாளைப் பற்றிக் கேட்டான். “குளியலறையில வழுக்கி விழுந்தேண்ணு டாக்டர்கிட்ட சொன்னேன்” என்று தொடங்கியவள் துண்டால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

“போதும் மக்கா.”

எபின் ஃபோகஸைச் சரிசெய்தான். பதினோரு நிமிடம் அழுதாள்.

திருவனந்தபுரத்தில் ஒரு சிறிய விழாவில் படம் ஓடியது. இருவரையும் எபின் கூட்டிப்போனான். அப்பா தலைகுனிவதைப் பார்க்க வேண்டும் அவனுக்கு. அம்மா அழும் காட்சியில் அரங்கமே அசையாமல் இருந்தது. பொன்னுதாஸ் கொட்டாவி விட்டார். படம் முடிந்ததும் ஒரு பெண் வந்து, “இதை ஒத்துக்கொள்ள எவ்வளவு தைரியம் வேணும், சார்!” என்று அவருடைய கையைக் குலுக்கினாள்.

“கொள்ளாம் மக்கா, என்னை நல்லா எடுத்திருக்கே,” என்று அவர் எபினின் தோளில் தட்டினார்.

திரும்பி வரும்போது அவர் காரின் முன்சீட்டில் இருந்து சொந்தக்காரர்களுக்குப் போன் செய்துகொண்டே வந்தார். பின்சீட்டில் எபினுக்குப் பக்கத்தில் இருந்த அம்மா, நெய்யாற்றின்கரை தாண்டியும் ஜன்னல் பக்கமே முகத்தைத் திருப்பி வைத்திருந்தாள்.

“கோவமா அம்மா?”

“உனக்க அப்பா அடிச்சாலும், நான் அழத் தொடங்கினா வெளிய எறங்கிப் போயிருவாரு. நீ போகல்லியே மக்கா. நின்னு பாத்தே.”

“உனக்காகத்தானே எடுத்தேன்.”

“போதும்ணு சொன்னேன். அதையும் ஊருக்குக் காட்டினே.”

மறுநாள் எபின் அந்தக் காட்சியை வெட்டி எடுத்துவிட்டுப் படத்தை ஓட்டிப் பார்த்தான். தலை சீவிய ஒரு மனிதர் நிதானமாகப் பேசிக்கொண்டிருந்தார். கேட்கவே நியாயமாக இருந்தது. காட்சியைத் திரும்பச் சேர்த்தான்.

அடுத்த மாதம் வேறொரு விழாவில், படத்தில் வருகிறவர்களின் சம்மதக் கடிதம் கேட்டார்கள். மீன் கழுவிக்கொண்டிருந்த அம்மாவிடம் தாளை நீட்டினான்.

அவள் கையைத் துடைத்துக்கொண்டாள். வாசித்துப் பார்க்கவில்லை.

“எங்க போடணும்?” என்று மட்டும் கேட்டாள்.

எபின் இடத்தைக் காட்டினான்.