இத்வால் பெவனின் அக்குளில் இருந்த பந்து

ஸ்காட்லாந்தோடு ஆடிய ரக்பி ஆட்டத்தில் இத்வால் பெவன் அக்குளில் இடுக்கிக்கொண்ட பந்து, ஆட்டம் முடிந்தும் அவனை விட்டு வரவில்லை. சுரங்க டாக்டர் சோப்பு போட்டுப் பார்த்தார், வாத்துக்கொழுப்பு தடவிப் பார்த்தார். கடைசியில் இருமல் மருந்து எழுதிக் கொடுத்தார், அவருக்குத் தெரிந்தது அதுதான். வேல்ஸில் எங்கள் சுரங்க ஊரான கும்தெரியில் யாரும் அதைப் பெரிதுபடுத்தவில்லை. அவன் மனைவி ஓல்வென் சட்டைக் கைகளைப் பிரித்து அகலமாகத் தைத்தாள். ஞாயிற்றுக்கிழமை ஜெபக்கூடத்தில் பந்துக்கும் இடம் விட்டு உட்கார்ந்தோம். அந்தப் பந்தோடேயே அவன் வேல்ஸுக்கு மேலும் சில வருடம் ஆடினான். எந்தப் பந்தைத் துரத்துவது என்று எதிரணிக்குப் புரியாததால் நாங்கள் அடிக்கடி ஜெயித்தோம். வெட்கமெல்லாம் படவில்லை.

சுரங்கம் மூடிய வருடம், காசு கொடுத்து ஆட்டக்காரர்களைப் பிடித்துப்போகும் ஏஜென்ட் இங்கிலாந்தின் வடக்கிலிருந்து வந்தான். இத்வால் வீட்டில் ரொட்டியும் வெறும் டீயும்தான். ஆனாலும் காசு வாங்கி ஆடியவன் வேல்ஸின் சிவப்புச் சட்டையை மறுபடி போட முடியாது என்பதால் மறுத்துவிட்டான். ஏஜென்டை வழக்கம்போல் ஆற்றில் தள்ளினோம். அப்படிப்பட்டவனைத்தான் கார்டிஃபில் ரக்பி சங்கத்துக் கனவான்கள் கூப்பிட்டு, பந்தை வைத்துக்கொண்டதும் கூலி வாங்கியதுதான், ஆகவே ஆயுள் தடை என்றார்கள்.

"இங்கிலாந்து மேட்ச் மட்டுமாவது ஆடிக்கிறேங்கய்யா. பந்து வேணும்னா எடுத்துக்கோங்க, நானா புடிச்சு வெச்சிருக்கேன்?" என்றான் இத்வால்.

"நடிக்காதப்பா" என்று சங்கத் தலைவர் மேஜர் மாட்லி எழுந்து வந்து, இரண்டு கையாலும் பந்தைப் பிடித்து இழுத்தார். பந்து வரவில்லை. அவர் கையும் வரவில்லை.

கூடவே போயிருந்த ஓல்வென் கேட்டாள்: "இப்ப பந்து மேஜர் கையிலயும்தானே இருக்கு? அவருக்கும் ஆயுள் தடைதானுங்களே?"

கனவான்கள் டீ வரவழைத்தார்கள். டீ குடித்து முடிப்பதற்குள் தடை காணாமல்போனது.

இங்கிலாந்து ஆட்டத்தில் இத்வாலின் வலக்கையில் ஆட்டப் பந்து, இடப்பக்கம் மேஜர். தலைவரோடு ஓடக்கூடாது என்று சட்டத்தில் எங்கும் இல்லை என்றார் நடுவர். "காலை எட்டி வையும்யா மேஜர்!" என்று கத்தித் தொண்டை கட்டிப்போனது எங்களுக்கு. இங்கிலாந்தின் கோட்டைத் தாண்டி மூலையில் பந்தை ஊன்றி, புள்ளி எடுத்து எழுந்தபோது இத்வால் அழுதான். மேஜரும் அழுதார், முழங்கால் பெயர்ந்திருந்தது.

திங்கட்கிழமை, வேலையில்லாதவர்களுக்கான உதவித்தொகை வரிசையில் இருவரும் சேர்ந்தே நின்றார்கள். வரிசை நகரவே இல்லை என்று மேஜர் முணுமுணுத்தார்.

"பழகிரும் மேஜர்" என்றான் முன்னால் நின்றவன், திரும்பிக்கூடப் பார்க்காமல்.