நஜீபின் பெரிய தலைகள்

தலை பெரிதாக இருந்தால் நல்லதுதானே என்றுதான் நஜீப் முதலில் நினைத்தான்.

டாக்டர் ஜலீலா கணினித் திரையைத் திருப்பி வைத்திருந்தார். சாம்பல் நிறத் தண்ணீருக்குள் அவனுடைய விந்தணுக்கள் மிதந்தன. பள்ளிக்கூடப் படத்தில் பார்த்த தவளைக்குஞ்சு மாதிரி இருக்கும் என்று நினைத்துக்கொண்டு வந்தவனுக்கு இவை வேறு மாதிரி தெரிந்தன. ஒவ்வொன்றுக்கும் வீங்கிய, கோணல்மாணலான தலை. பின்னால் ஒரு வாலுக்குப் பதில் மூன்று, நான்கு. எல்லாம் இருந்த இடத்திலேயே துடித்துக்கொண்டிருந்தன.

"எண்ணிக்கை ஒண்ணும் மோசமில்ல. உருவம்தான் தப்பு. ஒண்ணு ரெண்டு இல்ல, எல்லாமே இப்படித்தான் இருக்கு" என்றார் டாக்டர்.

"வால் நெறய இருந்தா வேகமாப் போகாதா டாக்டர்?"

அவன் விளையாட்டுக்குக் கேட்கவில்லை. பக்கத்தில் உட்கார்ந்திருந்த விதாத் அவன் முழங்கையைத் தொட்டாள்.

"நீங்க என்ன வேலை பாக்கறீங்க?" என்று டாக்டர் கேட்டார்.

"கார் ஓட்டச் சொல்லித் தர்றேன்."

"ஒரு வண்டிக்கு நாலு ஸ்டியரிங் வெச்சு, நாலு பேர் நாலு பக்கம் திருப்பினா அந்த வண்டி எங்க போகும்?"

சொல்லித் தருகிறவருக்கும் கற்றுக்கொள்கிறவருக்குமாக இரண்டு பிரேக் இருக்கிற வண்டியிலேயே நஜீப் படுகிற பாடு அவனுக்குத் தெரியும்.

டாக்டர் பொறுமையாகச் சொன்னார். உயிரணு உண்டாகும்போது உள்ளே இருக்கிற சரக்கு பாதிபாதியாகப் பிரிய வேண்டும். அப்பாவிடமிருந்து பாதி, அம்மாவிடமிருந்து பாதி. இவனுக்கு அந்தப் பிரிவினையே நடப்பதில்லை. மொத்தமும் ஒரே தலைக்குள் அடைத்துக்கொண்டு கிடக்கிறது. தலை பெருத்துப் போவது அதனால்தான்.

"அப்ப ஊசி வழியா முட்டைக்குள்ள வெக்கறாங்களே, அது?" விதாத் கேட்டாள். இந்த விஷயங்களில் அவள் கைதேர்ந்தவள் ஆகிவிட்டிருந்தாள். கல்யாணமானதிலிருந்து கருக்குழாய்ப் பரிசோதனை, ஹார்மோன் ஊசி, மாமியார் கொண்டுவந்த மூலிகைக் கஷாயம் என்று எல்லாவற்றையும் கடந்து வந்தவள் அவள்தான்.

"மத்தவங்களுக்குச் செய்வோம். இவருக்கு வேண்டாம். வெச்சாலும் கரு தங்காது. செஞ்சு தர்றேன்னு யாராவது சொல்லுவாங்க, அவங்ககிட்டப் போயிடாதீங்க."

"வேற ஆளோடது?"

"நம்ம நாட்டுச் சட்டத்துல அதுக்கு எடம் இல்லம்மா."

பிறகு டாக்டர் அவன் பெற்றோரைப் பற்றிக் கேட்டார். இரண்டு பேரும் அண்ணன் தம்பி பிள்ளைகள் என்றான். அவர்கள் ஊரான ஸ்ஃபாக்ஸில் அப்படி இல்லாத குடும்பம் எது என்ற நினைப்பு அவனுக்கு.

"இது உலகத்துல வேற எங்கயும் அபூர்வம். நம்ம பக்கம் மட்டும் கொஞ்சம் அதிகம். எந்தக் காலத்துலயோ எந்தப் பாட்டனுக்கோ ஜீன்ல ஒரே ஒரு எழுத்து விட்டுப்போச்சு, அது அப்படியே வந்துட்டிருக்கு. அப்பா, அம்மா ரெண்டு பக்கமும் அதையே கொடுத்தா இப்படி ஆகும். கூடப் பொறந்தவங்க இருக்காங்களா?"

"ஒரு அக்கா. அவளுக்கு நாலு பிள்ளைங்க."

இத்தனை வருஷம் பரிசோதனைக்குப் போகச் சொன்னவர்களிடமெல்லாம் அவன் காட்டிய சாட்சி அந்த அக்கா ரவுதாதான். எங்கள் குடும்பத்தில் அந்தக் குறை கிடையாது, ரவுதாவைப் பாருங்கள் என்பான். விதாத் அதைக் கேட்டுக்கொண்டே அடுத்த மாத்திரையை விழுங்குவாள்.

"முடிஞ்சா அவங்க ரத்தத்தையும் பாத்துடலாம்" என்றார் டாக்டர்.

திரும்பி வரும் வழியில் துறைமுகத்துச் சாலை ரவுண்டானாவை நஜீப் இரண்டு முறை சுற்றினான். மூன்றாவது தடவையும் வெளியேறாமல் போனபோது, "பெட்ரோல் மிச்சமா இருக்கா வண்டியில?" என்றாள் விதாத்.

அவன் ஓரமாக நிறுத்தினான். "நீ போகணும்னா போகலாம் விதாத். நான் எதுவும் சொல்ல மாட்டேன்."

"எங்க போறது, மீன் வாங்கவா?"

"நான் சொல்றது உனக்குப் புரியுது."

"புரியல. அஞ்சு வருஷமா என் வயித்துல கொறைன்னு எல்லாரும் பேசினாங்க. நான் மருந்தா முழுங்கினேன். இன்னிக்கு என் வயித்துல ஒரு கொறையும் இல்லன்னு தெரிஞ்சுது. அதுக்குச் சந்தோஷப்படணுமா, உன் மூஞ்சியப் பாத்து அழணுமான்னே எனக்குத் தெரியல. இதுல நீ வேற வழியனுப்பி வெக்கற. வண்டிய எடு."

அவன் வண்டியை எடுத்தான். அவள் கோபமாக இருக்கிறாளா இல்லையா என்பது வீடு வந்து சேரும்வரை அவனுக்குப் பிடிபடவில்லை.

அடுத்த வெள்ளிக்கிழமை அக்கா வீட்டில் குஸ்குஸ் சாப்பிட்டு முடித்ததும் அவளைச் சமையலறையில் தனியாகப் பிடித்து விஷயத்தைச் சொன்னான். ரவுதா கை கழுவுவதை நிறுத்தாமலே கேட்டாள்.

"நாலு பெத்தவளுக்கு என்னடா டெஸ்ட்டு? கழுதைக்குக் காது இருக்கான்னு பாக்கற மாதிரி."

"டாக்டர் கேட்டாங்கக்கா. அவ்வளவுதான்."

அவள் திரும்பி அவன் முகத்தைப் பார்த்தாள். குழாயை மூடினாள். "சரி, வர்றேன். நீ இப்படி நிக்காத. யாரோ செத்துப்போன மாதிரி."

முடிவு வந்த அன்று அக்காவும் தம்பியும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்கள். டாக்டர் ஜலீலா மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

"உங்களுக்கும் அதேதான் மேடம். ரெண்டு பக்கமும்."

"எனக்கா?"

"உங்க தம்பிக்கு விட்டுப்போன அதே எழுத்து."

ரவுதா சிரித்துவிட்டாள். "மாத்தி எழுதிட்டீங்க போல. எனக்கு மூணு பசங்க, ஒரு பொண்ணு. கடைசிப் பையன் இப்ப வெளியில உங்க ஆளுங்க நாற்காலிய ஒடச்சிட்டிருக்கான்."

"மாறல. ரெண்டு தடவ பாத்தோம். பொம்பளைங்களுக்கு இது பாதிக்கறதில்ல. முட்டை உண்டாகறப்போ அந்த வேலைய இன்னொரு ஜீன் எடுத்துச் செஞ்சுடும். ஆம்பளைங்களுக்கு அப்படிக் கைகொடுக்க யாரும் இல்ல."

நஜீப் மனசுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்தான். ஒரே அப்பா, ஒரே அம்மா, ஒரே எழுத்துப் பிழை. அவளுக்கு வீடு நிறையப் பிள்ளைகள், அவனுக்குச் சாம்பல் தண்ணீரில் துடிக்கிற நான்கு வால்கள். இத்தனை நாளாக அக்காவைச் சாட்சியாகக் காட்டினானே, அந்தச் சாட்சி பொய்யா மெய்யா? குடும்பத்தில் குறை இருந்திருக்கிறது. அது அவளுக்குள்ளும் இருந்திருக்கிறது. ஆனாலும் அவளிடம் ஒரு குறையும் இல்லை.

ரவுதாவின் சிரிப்பு அதற்குள் நின்றுபோயிருந்தது. "அப்ப என் பசங்க?"

"ஆளுக்கு ஒண்ணு உங்ககிட்டயிருந்து கண்டிப்பா வந்திருக்கும். ஒண்ணு மட்டும்னா ஒரு பிரச்சினையும் இல்ல. உங்க வீட்டுக்காரர்கிட்டயும் ஒண்ணு இருந்தா சில பசங்களுக்கு ரெண்டாயிடும். அவரு சொந்தமா?"

"எங்க பெரியப்பா பையன்" என்றாள் ரவுதா.

மறுநாள் காலை நஜீப் ஒரு மாணவியை இறக்கிவிட்டு நிற்கையில் ரவுதா வந்து பக்கத்துக் கதவைத் திறந்து ஏறிக்கொண்டாள். அவளுக்குக் கார் ஓட்டத் தெரியாது, கற்றுக்கொள்ளும் ஆசையும் கிடையாது.

"எதுக்குடா என்னைக் கூட்டிட்டுப் போன?"

"அக்கா..."

"நான் பாட்டுக்கு இருந்தேன். இப்ப பெரியவன் காஸி சோறு திங்கறப்ப அவனப் பாக்கறேன். இவனுக்கு இருக்குமா, நடுவுலவனுக்கா, சின்னவனுக்கான்னு பாக்கறேன். காஸி என்னம்மா மொறைக்கறங்கறான். பத்தொம்பது வயசு. யாரோ ஒரு பொண்ணோட போன்ல பேசிட்டே இருக்கான். அவன்கிட்டப் போய் என்னன்னு சொல்றது?"

நஜீப் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டே இருந்தான்.

"தாஹர்கிட்டச் சொன்னியா?" என்று அவள் கணவரைப் பற்றிக் கேட்டான்.

"இன்னும் சொல்லல. மொதல்ல உன்ன ஒண்ணு கேக்கணும். அதுக்குத்தான் வந்தேன். நீ காஸி வயசுல இருந்தப்ப யாராவது வந்து உன்கிட்ட இதச் சொல்லியிருந்தா, அது நல்லதா, கெட்டதா?"

அவன் யோசித்தான். நல்லது என்று தோன்றியது. தெரிந்திருந்தால் விதாத் அத்தனை ஊசி போட்டுக்கொண்டிருக்க மாட்டாள். தெரிந்திருந்தால் அவளையே கட்டியிருக்க மாட்டான், பெண் கேட்டுப் போகிற துணிச்சலே வந்திருக்காது என்று அடுத்த நொடியே தோன்றியது. அப்படியானால் கெட்டது. அவளுக்கு அது நல்லதாக இருந்திருக்குமோ? இப்போது வேறு எங்கோ இரண்டு பிள்ளைகளுக்குத் தாயாக இருந்திருப்பாளோ?

"தெரியலக்கா."

"உனக்கே தெரியலன்னா எனக்கு எப்படிடா தெரியும்" என்று சொல்லிவிட்டு ரவுதா இறங்கிப் போனாள். கதவைச் சாத்தக்கூட இல்லை.

அன்று சாயங்காலம் விதாத் சமையலறைத் தொட்டியில் ஆக்டோபஸைப் போட்டு அலசிக்கொண்டிருந்தாள். நஜீப் அதே கேள்வியை அவளிடம் கேட்டான். நிச்சயத்துக்கு முன்னால் இதைச் சொல்லியிருந்தால் அவள் என்ன செய்திருப்பாள்?

விதாத் ஆக்டோபஸின் ஒரு காலை எடுத்து உப்புப் போட்டுத் தேய்த்தாள், இன்னொன்றையும் தேய்த்தாள்.

"இருந்திருப்பேன்னு சொல்லத்தான் ஆசை. அப்ப எனக்கு இருபத்தாறு வயசு. உன்ன நாலு தடவ பாத்திருக்கேன். அதுல ரெண்டு தடவ நீ வாயே தொறக்கல. ஓடியிருந்தாலும் ஓடியிருப்பேன்."

"இப்ப?"

"இப்ப நீ கேக்கற கேள்வியே தப்பு. இப்ப நான் ஆக்டோபஸ் கழுவிட்டிருக்கேன். வெங்காயத்த நறுக்கு."

அவன் வெங்காயத்தை எடுத்தான். அவள் சொன்னது வலித்தது. அதே சமயம், கடந்த சில வாரங்களில் அவன் காதில் விழுந்தவற்றில் அது ஒன்றுதான் ஒழுங்காகப் புரிந்தது. கண்ணில் தண்ணீர் வந்தபோது வெங்காயம்தான் காரணம் என்று இரண்டு பேரும் வைத்துக்கொண்டார்கள்.

தாஹர் ஒலிவ எண்ணெய் ஆலை வைத்திருப்பவர். அதிகம் பேசாத மனுஷர். ரவுதா எப்படிச் சொன்னாள், அவர் என்ன சொன்னார் என்பது நஜீபுக்குத் தெரியாது. ஒரு நாள் அவர் ஆலை உடையோடே, கையில் எண்ணெய் வாசனையோடு ஆய்வகத்துக்குப் போய் ரத்தம் கொடுத்துவிட்டு வந்தார் என்று மட்டும் கேள்விப்பட்டான்.

முடிவு வந்தபோது நஜீப் வண்டியில் இருந்தான். வங்கியில் வேலை பார்க்கும் லத்தீஃபா என்ற அம்மாள் ஓட்டிக்கொண்டிருந்தார். போனில் ரவுதா அழுதாள். முதலில் அவனுக்கு ஒன்றும் விளங்கவில்லை.

"இல்லடா, அவருக்கு இல்ல. சுத்தமா இருக்காம். பசங்க யாருக்கும் ஒண்ணும் ஆகாது. கட்டிக்கப்போற பொண்ணுங்களுக்கு மட்டும் ரத்தம் பாத்துக்கிட்டாப் போதுமாம். நாங்களே பசங்ககிட்டச் சொல்லிடறோம். கேக்கறியா?"

"கேக்கறேன்கா. நல்லதுக்கா. ரொம்ப நல்லது."

"என்னடா குரல் ஒரு மாதிரி இருக்கு?"

"டிராஃபிக்கு அக்கா."

உண்மையிலேயே அவனுக்குச் சந்தோஷம்தான். காஸியைக் கட்டிப் பிடித்துக்கொள்ள வேண்டும்போல் இருந்தது. அதோடு சேர்ந்து, வெள்ளைச் சட்டையில் பட்ட மை மாதிரி, இன்னொன்றும் வந்து ஒட்டிக்கொண்டது. அந்தப் பையன்களில் ஒருவனுக்காவது இருந்திருந்தால் இந்தக் குடும்பத்தில் தன்னை மாதிரி இன்னும் ஒருவன் இருந்திருப்பான். அந்த நினைப்பு வந்ததும் அவன் திடுக்கிட்டுப் போனான். எப்படிப்பட்ட மனுஷன் நான் என்று தன்னையே கேட்டுக்கொண்டான்.

"முன்னால லாரி நிக்குது. நிறுத்தட்டா?" என்று லத்தீஃபா அம்மாள் கேட்டார்.

அவன் தன் பக்கத்துப் பிரேக்கை மிதித்தான்.

தத்தெடுக்கும் பேச்சை எடுத்தது விதாத்தான். சுற்றுவட்டார நாடுகளில் இல்லாத அந்தச் சட்டம் அவர்கள் நாட்டில் தாத்தா காலத்திலிருந்தே இருக்கிறது. ஆனாலும் தெருவில் யாரும் அதைச் சத்தமாகப் பேசுவதில்லை. நஜீபின் அம்மா, ரத்தம் வேறு என்றாள். நம் ரத்தத்தில்தானே இத்தனையும் வந்தது என்று ரவுதா ஒரே வார்த்தையில் அவள் வாயை அடைத்துவிட்டாள்.

குழந்தைகள் இல்லத்தில் ஆயா ஒரு பெண் குழந்தையைக் கொண்டுவந்து நஜீபின் கையில் வைத்தாள். பெயர் ரீம் என்றாள். அதற்கு விக்கல் எடுத்துக்கொண்டிருந்தது. ஒவ்வொரு விக்கலுக்கும் உடம்பு முழுவதும் தூக்கிப்போட்டது. அவனுக்குள் ஏதோ பொங்கும் என்று எல்லோரும் சொல்லியிருந்தார்கள். எதுவும் பொங்கவில்லை. கை வலித்தது. கீழே போட்டுவிடுவோமோ என்று பயமாக இருந்தது.

வெளியே வந்ததும், "என்ன?" என்றாள் விதாத்.

"தெரியல."

"எனக்கும்தான்."

ஆனால் அடுத்த வாரமும் போனார்கள். அதற்கடுத்த வாரம் விதாத்துக்குக் காய்ச்சல். அவன் மட்டும் போனான். எதற்குத் தனியாகப் போகிறான் என்று அவனுக்கே விளங்கவில்லை. குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. எழுந்திருக்கும்வரை சுவரோரம் நின்றுவிட்டு வந்தான்.

கோடைக்காலத்தில் நீதிபதி தத்தெடுப்புக்குக் கையெழுத்துப் போட்டார். ஈகைத் திருநாளுக்கு ரீம் வீட்டில் இருந்தாள். ரவுதா உப்புக் கருவாடும் வெங்காயமும் உலர்திராட்சையும் வதக்கிய ஷர்மூலாவும் ஒரு பெரிய பானை நிறையக் கொண்டுவந்தாள். பின்னாலேயே தாஹரும் பிள்ளைகளும் வந்தார்கள். காஸி குழந்தையை வாங்கித் தோளில் போட்டுக்கொண்டு, போனில் யாருக்கோ காட்டினான்.

வாழ்த்துச் சொல்ல வந்த எதிர்வீட்டுக் கிழவர் தத்தெடுத்த விவரம் தெரியாதவர். குழந்தையை உற்றுப் பார்த்தார். "அப்பன் மூக்கு அப்படியே" என்றார்.

நஜீப் விதாத்தைப் பார்த்தான். திருத்திச் சொல்ல வேண்டுமா, வேண்டாமா? வாயைத் திறந்தான்.

"வளர்ந்தா மாறிடும்" என்றாள் விதாத், கிழவர் தட்டில் மீனை வைத்துக்கொண்டே. "உக்காருங்க மாமா, ஆறிடப் போகுது."

கிழவர் உட்கார்ந்தார். நஜீப் ரொட்டியைப் பிட்டு அவர் பக்கம் நகர்த்தினான்.