ஏழு முட்டைகள் இருந்ததாகச் சொல்லப்படும் தேரை

1

இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: ஒரு படிவத்தில் நான் எழுதிய எண்ணிலிருந்து. கதை எழுதக் கற்றுத்தரும் மாலை வகுப்பில், உங்களைப் பயமுறுத்தும் ஒன்றை எழுதுங்கள் என்றார்கள். மற்றவர்கள் பேய், ஊசி, மாமியார் என்று எழுதினார்கள். நான் பத்தொன்பது மில்லிமீட்டர் நீளமுள்ள ஒரு தேரையை எழுத உட்கார்ந்தேன்.

முதல் தொடக்கம்: "மழைக்காட்டின் ஈரச் சருகுகளுக்கடியில் ஒரு சின்னஞ்சிறு உயிர்..."

(அடித்துவிட்டேன். நான் காட்டுக்குப் போனதே இல்லை. அருங்காட்சியகத்தின் சேமிப்பறையில் ஜாடிகளுக்கு ஸ்பிரிட் ஊற்றுவதும், உள்ளே இருப்பவற்றை அளவெடுப்பதும்தான் என் வேலை.)

2

இரண்டாம் தொடக்கம்: "அளவெடுப்பவர் ஒருவர் இருந்தார். அவர் நேர்மையானவர்."

இந்தப் பாத்திரத்தை நானே நம்பவில்லை. 'நான்' என்றே எழுதிவிடுகிறேன்.

தேரையைக் கண்டுபிடித்தவர் என் சித்தி. இங்கேதான் ஆராய்ச்சியாளர். எட்டு வருடம் ஒரே மலைச்சரிவில் தேடி, ஒன்றே ஒன்று கிடைத்தது. தேரைகளுக்குக் கண்ணுக்குப் பின்னால் இருக்கும் நச்சுச் சுரப்பி இதற்கு இல்லை. அதனால் புது இனம் என்றார். ஆனால் பெரிய தேரையின் குஞ்சுக்கும் அந்தச் சுரப்பி சரியாகத் தெரியாது. இது குஞ்சா, வளர்ந்ததா? வயிற்றைத் திறந்து பார்க்க வேண்டும். முட்டை இருந்தால் வளர்ந்த பெண்.

அந்த வேலையை என்னிடம் கொடுத்தார்.

(குறிப்பு: புது இனத்துக்குப் பெயர் வைக்கும்போது ஆதாரமாகக் காட்டும் ஒற்றை உடலை மூல மாதிரி என்பார்கள். அதைக் கெடுத்துவிட்டால் வேறு கிடையாது.)

கத்தியை எடுத்தேன். வெட்ட மனம் வரவில்லை. வைத்துவிட்டு, தேரையை விளக்குக்கு நேரே பிடித்தேன். தோலுக்குள் வெளிறிய மணிகள்போல ஏதோ தெரிந்தது. முட்டையாக இருக்கலாம். கொழுப்பாக இருக்கலாம். விழுங்கிய கறையான்களாகவும் இருக்கலாம்.

"பாத்தியாடி?" அடுத்த அறையிலிருந்து சித்தி.

"பாத்தேன் சித்தி."

"எத்தனை?"

"ஏழு."

அளவுப் படிவத்திலும் ஏழு என்றே எழுதினேன். ஏன் ஏழு? பத்து என்றால் குத்துமதிப்பாகச் சொன்னது போலிருக்கும் என்று நினைத்தேனோ என்னவோ.

3

என் ஏழு, சித்தியின் கட்டுரைக்குள் போய் வளர்ந்தது. முட்டைகள் இவ்வளவு குறைவு. ஆகவே இது ஓடையில் அல்ல, சருகிலேயே முட்டையிடுகிறது. ஆகவே சருகை வாரினால் இனமே அழிந்துவிடும். அதைப் படித்துவிட்டுத்தான் அந்தச் சரிவில் போடவிருந்த சாலையை நிறுத்தி வைத்தார்கள்.

திங்கட்கிழமை சித்தி ஒரு கடிதத்தை ஆட்டிக்கொண்டே வந்தார்.

"பெரிய அருங்காட்சியகத்துல தேரையை அனுப்பச் சொல்லிக் கேக்கறாங்கடி! வெட்டாமலே உள்ளே படம் எடுக்கிற ஸ்கேனாம். உன்னோட ஏழு முட்டையையும் சுத்திச் சுத்திக் காட்டுமாம்!"

ஜாடி மூடிகளை இறுக்குபவரை எல்லோரும் மூடி அண்ணன் என்போம். அவர், "அப்போ தேரைக்குப் பிரசவ ஸ்கேன்னு சொல்லுங்க. இனிப்பு எங்க மேடம்?" என்றார்.

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

4

கதைக்கு நான் எழுதிப் பார்த்த முடிவுகள்.

அ) ஸ்கேனில் ஏழு முட்டைகள். (மூன்று முறை எழுதிப் பார்த்தேன். மூன்று முறையும் கையெழுத்து கோணலாகவே வந்தது.)

ஆ) ஸ்கேனில் கறையான்கள். சித்தியை யாரும் திட்டவில்லை. மரியாதையாக ஒரு வரித் திருத்தம் கேட்கிறார்கள். சரிவில் இயந்திரங்கள்

இ) ஜாடி என் கையிலிருந்து தவறி

இந்த வாக்கியத்தை முடிக்க முடியவில்லை, வாசகரே. நேற்று மதியம் நிஜமாகவே ஜாடியை அலமாரியிலிருந்து எடுத்துவிட்டேன். கீழே சிமெண்ட் தரை. அப்போது மூடி அண்ணன் உள்ளே வந்தார்.

"என்னம்மா, தேரையைக் காத்து வாங்கக் கூட்டிட்டுப் போறியா?"

"தூசி தொடைக்கறேன் அண்ணா."

"ரெண்டு கையாலயும் பிடி. உங்க சித்தி உசிரே அதுலதான் இருக்கு."

இரண்டு கையாலும் பிடித்துத் திரும்ப வைத்தேன்.

5

இன்று புதன். காலை பதினொரு மணி. தேரையை அனுப்பும் பெட்டிக்குள் பஞ்சு வைத்தாகிவிட்டது.

முட்டைகள் இருந்தாலும் இருக்கலாம். அதுதான் இன்னும் பயமாக இருக்கிறது. இருந்துவிட்டால் நான் வாயே திறக்க மாட்டேன். அடுத்த ஜாடிக்கும் ஓர் எண்ணைச் சொல்லிவிடுவேன்.

முடிவு பிடிபடவில்லை என்றால் வாசகரிடம் விட்டுவிடலாம் என்று வகுப்பில் சொன்னார்கள். மற்றவர்கள் அதை ஓர் உத்தியாகக் குறித்துக்கொண்டார்கள். எனக்கு வேறு வழியில்லை.

சித்தி, இந்தத் தாள்களை உங்கள் மேசையில் வைக்கிறேன். பார்சல்காரர் இரண்டு மணிக்கு வருவார். நான் சேமிப்பறையில்தான் இருப்பேன். கதவைத் தாழிடவில்லை.