இரண்டு பாதிக்கும் உப்பு

வரப்புக்கு இந்தப் பக்கமும் உர உப்பு சிதறிக் கிடந்ததைப் பார்த்ததுமே சக்கரபாணிக்கு விஷயம் விளங்கிவிட்டது. பூவம்மாள் வயலின் இரண்டு பாதிக்கும் போட்டிருக்கிறாள். புது நெல்லுக்கு மட்டும் என்று மூட்டையைக் கொடுக்கும்போதே படித்துப் படித்துச் சொல்லியிருந்தான். மாட்டிடம் சொன்னாலாவது காதை ஆட்டும் என்று நினைத்துக்கொண்டான்.

காட்டுமன்னார்கோயிலுக்குக் கிழக்கே, ஏரித் தண்ணீர் பாயும் அந்த அரைக்காணிதான் பூவம்மாளுக்கு இருந்த சொத்து. புருஷன் இல்லை, பெண்கள் இரண்டு பேர். மூன்று வயிற்றுக்கும் வருஷம் முழுக்கச் சோறு அதில்தான். அதைத்தான் சக்கரபாணி வேலை பார்க்கும் கடலூர் விவசாய அலுவலகம் சோதனை வயலாக எடுத்துக்கொண்டு நடுவில் வரப்புப் போட்டது. ஒரு பாதியில் பெயருக்குப் பதில் நம்பர் வைத்த குட்டை நெல், மறு பாதியில் அவள் வீட்டுச் சம்பா. இரண்டுக்கும் ஒரே கவனிப்பு என்று சோதனை நோட்டில் எழுதியிருந்தது. புதியதற்கு மட்டும் உப்பு என்று சோதனையை நடத்தும் டாக்டர் ராஜமாணிக்கம் வாயால் சொல்லியிருந்தார். டாக்டர் வெளிநாட்டில் நான்கு வருஷம் நெல்லைப் படித்தவர். சேற்றில் இறங்க வேண்டுமென்றால் முதலில் பேண்டைக் குனிந்து பார்ப்பார். வெப்பமண்டல நாடுகளின் பசியை ஆராய்ச்சி எப்படித் தீர்க்கும் என்று தில்லியில் கட்டுரை வாசிக்கப் போகிறார். கட்டுரை எழுதியாகிவிட்டது, போட்டோதான் பாக்கி. உலகத்தின் பசிக்கும் பூவம்மாளின் வயலுக்கும் இருந்த சம்பந்தம் அவ்வளவுதான்.

"ஏம்மா, ஒண்ணுக்குத்தான போடச் சொன்னேன்?"

"ஒரே பந்தியில ரெண்டு எலை கெடக்குது தம்பி. ஒண்ணுக்கு வச்சிட்டு ஒண்ணத் தாண்டிப் போவ எனக்குக் கை வரல."

அவனுக்குச் சிரிப்பு வந்தது. நெல்லுக்குப் பந்தி விசாரிக்கிறாளாம். உயரமான சம்பாவுக்கு உப்பைப் போட்டால் இன்னும் உயர்ந்து, தலை கனத்து, ஒரு காற்றுக்குப் படுத்துவிடும் என்று அவனுக்குத் தெரியும். இப்போதே தண்ணீரை வடியவிட்டால் பாதி உப்பாவது போய்விடும் என்பதும் தெரியும். சொல்லியிருக்கலாம். ஆனால் நாட்டு நெல் படுத்தால் டாக்டர் சந்தோஷப்படுவார். டாக்டர் சந்தோஷப்பட்டால் ஆறு வருஷமாகத் தற்காலிகமாக இருக்கும் ஃபீல்டுமேன் வேலை நிரந்தரமாகும். வாயை மூடிக்கொண்டு சைக்கிளை எடுத்தான்.

மார்கழி பிறந்த நாலாம் நாள் அடித்த காற்றில் சம்பா மொத்தமாகப் படுத்தது. குட்டை நெல் மிடுக்காக நின்றது. கதிர் முற்றியதும் ஒரு செவ்வாய்க்கிழமை டாக்டர் ஜீப்பில் வந்தார். குட்டை நெல்லில் வாய்க்கால் ஓரம் செழித்திருந்த மூலையாகப் பார்த்து அளந்து அறுக்கச் சொல்லி, எடை போட்டு, அதுதான் முழு வயலின் விளைச்சல் என்று எழுதிக்கொண்டார். நிற்கிற நெல்லுக்கு ஒரு போட்டோ, விழுந்த நெல்லுக்கு ஒரு போட்டோ. படத்தில் விழாமல் தள்ளி நிற்கும்படி பூவம்மாளிடம் கையைக் காட்டினார். பெரிய அதிகாரி யாராவது பார்க்க வரலாம், நான் சொல்லும் வரை மீதிக் குட்டை நெல்லில் அரிவாள் படக்கூடாது என்று உத்தரவு போட்டுவிட்டுப் போனார். யாரும் வரவில்லை.

புதன்கிழமை பிடித்த மழை ஞாயிறன்றுதான் விட்டது. திங்களன்று சக்கரபாணி போய்ப் பார்த்தபோது குட்டை நெல் நின்றுகொண்டுதான் இருந்தது. ஆனால் கதிரிலேயே ஒவ்வொரு மணியும் வெள்ளையாக முளை விட்டிருந்தது. அறுத்துப் போடும்வரை முளைக்காமல் தூங்க அந்த நெல்லுக்குத் தெரியவில்லை. இந்தப் பக்கம் மார்கழியிலும் மழை வரும் என்பது நாலு வருஷப் படிப்பில் இல்லை போலிருக்கிறது. பூவம்மாள் ஒரு கதிரை உருவிப் பார்த்துவிட்டுக் கீழே போட்டாள். திட்டியிருந்தால் அவனுக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

மறுநாள் சிதம்பரம் போய் ரயிலேறிக் கடலூரில் இறங்கினான். நெல் முளைத்துப்போனதைச் சொன்னான். உத்தரவால்தான் முளைத்தது என்று சொல்ல நாக்கு எழவில்லை. டாக்டர் காகிதத்திலிருந்து தலையைத் தூக்கவில்லை.

"சோதனை செவ்வாய்க்கிழமையே முடிஞ்சிடுச்சு, சக்கரபாணி."

நோட்டை அவன் பக்கம் திருப்பி வைத்தார். இரண்டுக்கும் ஒரே கவனிப்பு என்ற வரிக்குக் கீழே அவன் கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது. அந்த நோட்டில் உண்மையாக இருந்த வரி அது ஒன்றுதான். அதை உண்மையாக்கியவள் பூவம்மாள். டாக்டரை நினைத்தும் அருவருப்பாக இருந்தது, பேனாவைப் பிடித்திருந்த தன் விரல்களைப் பார்த்தும் அருவருப்பாக இருந்தது. கையெழுத்துப் போட்டான்.

தை பாதியில், வயலில் நட்டிருந்த நம்பர் பலகையைப் பிடுங்கி வரச் சொல்லி அனுப்பினார்கள். விழுந்து கிடந்த சம்பாவைப் பூவம்மாளும் நான்கு பெண்களும் தண்ணீருக்குள்ளிருந்து அறுத்துக் கரையேற்றியிருந்தார்கள். மணி கறுத்துப்போயிருந்தது, ஆனால் முளைக்கவில்லை. பாதிக்குப் பாதிகூடத் தேறவில்லை. சித்திரை வரைக்கும் காணுமோ என்னவோ. அன்று களத்தில் கதிரடிப்பு முடிந்து, கூட அறுத்தவர்களுக்குப் புது அரிசிச் சோறு. பலகையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நழுவப் பார்த்தவனைப் பூவம்மாள் பார்த்துவிட்டாள்.

"ஒக்காருங்க தம்பி."

சாப்பிட்டுவிட்டேன் என்றான்.

"எலை போட்டாச்சு."

கடைசி இலையில் உட்கார்ந்தான். அவள் பானையோடு வரிசையில் வந்தாள். ஒவ்வொரு இலையிலும் அகப்பையால் இரண்டு. அவன் தலையைக் குனிந்துகொண்டு அவள் கால்களையே பார்த்தான். கால்கள் அவன் இலைக்கு முன்னால் நின்றன. அவனுக்கும் இரண்டு.

சோற்றில் சேற்று வாடை அடித்தது. வரப்புக்கு அந்தப் பக்கம், முளைத்த குட்டை நெல்லை இரண்டு மாடுகள் மேய்ந்துகொண்டிருந்தன.